ஜெயித்தது யார்? கிரேக்க, ரோமானியத் தேரோட்டிகளின் கதை

கிரேக்க நாட்டின் டெல்பி அருங்காட்சியகத்தில் வெண்கலத்தில் ஒரு இளைஞன் நிற்கிறான். ஆளுயரச் சிலை, 1.80 மீட்டர். நான் நேரில் பார்த்ததில்லை, படங்களில்தான், ஆனால் அந்தப் படங்களையே மணிக்கணக்கில் பார்க்கலாம். கண்களில் கண்ணாடியும் கல்லும் பதித்திருக்கிறார்கள், இமை முடிகள் செம்புத் தகட்டில் தனித்தனியாக வெட்டியவை, பாதத்தில் நரம்பு புடைத்திருப்பது வரை தெரிகிறது. இடது கை உடைந்து போய்விட்டது. வலது கையில் இன்னும் கடிவாள வாரின் துண்டுகள் இருக்கின்றன. பந்தயம் முடிந்து, ஜெயித்து, கூட்டத்தின் முன்னால் மெதுவாகத் தேரை ஓட்டிக்கொண்டு போகும் நேரம் என்கிறார்கள். முகத்தில் சிரிப்பு இல்லை, ஆர்ப்பாட்டம் இல்லை.

1896-இல் மண்ணுக்கடியிலிருந்து எடுத்த சிலை இது. கூடவே கிடைத்த பீடத்துக் கல்லில் ஒரு பெயர் இருக்கிறது: பொலிசாலஸ். சிசிலித் தீவில் கேலா என்ற நகரத்தை ஆண்ட குடும்பத்தைச் சேர்ந்தவர். கி.மு. 478 அல்லது 474-இல் டெல்பியில் நடந்த பந்தயத்தில் ஜெயித்ததற்காக அப்பல்லோ கோயிலுக்கு அவர் கொடுத்த காணிக்கை. சரி, அப்படியானால் சிலையில் நிற்பது பொலிசாலஸா? இல்லை. அவர் குதிரைகளின் சொந்தக்காரர். தேரை ஓட்டி உயிரைப் பணயம் வைத்த அந்தப் பையன் யார், எந்த ஊர், அடிமையா கூலிக்காரனா சொந்தக்காரப் பையனா, எதுவும் அந்தக் கல்லில் இல்லை.

பழைய கிரேக்கத்தையும் ரோமையும் பற்றிப் பேசும்போது நாம் கிளாடியேட்டர்களைப் பற்றியும் ஓட்டப்பந்தய வீரர்களைப் பற்றியுமே பேசுகிறோம். தேர்ப்பந்தயம் எங்கோ ஓரத்தில் நின்றுவிடுகிறது. ஆனால் கிரேக்கத்தில் அதிகப் பணமும் பெருமையும் புழங்கிய போட்டி அதுதான், ரோமில் அதிகக் கூட்டம் சேர்ந்த காட்சியும் அதுதான். கி.பி. 354-ஆம் ஆண்டு ரோம நாட்காட்டி ஒன்று கிடைத்திருக்கிறது. அதில் கேளிக்கைக்கென்று ஒதுக்கிய 177 நாட்களில் தேர்ப்பந்தயத்துக்கு 66, கிளாடியேட்டர் சண்டைக்கு வெறும் 10. எனக்கு இந்த விளையாட்டில் பிடித்தது வேகமோ விபத்தோ இல்லை. ஆயிரம் ஆண்டுகளுக்கு மேல் ஓடிய ஒரு போட்டியில் "ஜெயித்தது யார்" என்ற சாதாரணக் கேள்விக்கு ஊருக்கு ஊர், காலத்துக்குக் காலம் வேறு வேறு பதில் கிடைத்தது என்பதுதான்.

ஒரு விஷயத்தை முதலிலேயே சொல்லிவிட வேண்டும். தேர் என்றதும் நமக்கு வடம்பிடித்து இழுக்கும் கோயில் தேர் கண்ணில் வரும். இது அது இல்லை. மரமும் தோலும் வைத்துக் கட்டிய, இரண்டு சக்கரம் உள்ள, ஒரு ஆள் நிற்க மட்டும் இடமுள்ள சின்ன வண்டி. எவ்வளவு லேசாக இருக்கிறதோ அவ்வளவு வேகம், எவ்வளவு வேகமோ அவ்வளவு சீக்கிரம் கவிழும்.

பழைய ஒலிம்பிக் நடந்த ஒலிம்பியாவில் நான்கு குதிரைத் தேர்ப்பந்தயம் கி.மு. 680-இல் சேர்ந்தது. மைதானத்தின் இரண்டு கோடியிலும் ஒவ்வொரு கம்பம், அவற்றைப் பன்னிரண்டு சுற்று சுற்ற வேண்டும். தேர்கள் நடுவே தடுப்பு எதுவும் கிடையாது, அதனால் கம்பத்தருகே திரும்பும்போது எதிரே வரும் தேர் மேலேயே மோதலாம். கி.மு. 462-இல் டெல்பியில் நடந்த ஒரு பந்தயத்தைப் பற்றிக் கவிஞர் பிண்டார் பாடும்போது, நாற்பது தேரோட்டிகள் விழுந்த களத்தில் ஒருவன் மட்டும் தேருக்குச் சேதமில்லாமல் கொண்டுவந்து சேர்த்தான் என்கிறார். அந்த ஒருவனுக்குப் பெயரும் சொல்கிறார், கர்ரோட்டஸ். காரணம் இருக்கிறது: அவர் தேரின் சொந்தக்காரரான சைரீன் அரசர் ஆர்க்கெசிலாஸின் மைத்துனர். கூலிக்கு ஓட்டியவர்களுக்கு இப்படிப் பாட்டில் இடம் கிடைப்பது அபூர்வம்.

ஒலிவ இலை மாலை சொந்தக்காரரின் தலைக்குத்தான் போகும், அறிவிப்பாளர் கூவுவதும் அவர் பெயரைத்தான். இது எவ்வளவு தூரம் போனது என்பதற்கு ஒரு சம்பவம். கொரிந்த் நகரத்து ஃபீடோலாஸ் என்பவருக்கு ஔரா என்று ஒரு பெண் குதிரை. இது தேர்ப் பந்தயம் இல்லை, ஒற்றைக் குதிரைச் சவாரி. ஓட்டம் தொடங்கிய உடனேயே சவாரி செய்தவன் கீழே விழுந்துவிட்டான். குதிரை நிற்கவில்லை. தானாக ஓடி, கம்பத்தில் சரியாகத் திரும்பி, எக்காளம் ஊதியதும் வேகத்தைக் கூட்டி, முதலாவதாக வந்து, நடுவர்கள் முன்னால் நின்றும்விட்டது. நடுவர்கள் ஃபீடோலாஸ் ஜெயித்ததாக அறிவித்தார்கள். இதைப் பயண எழுத்தாளர் பாசேனியஸ் பதிந்து வைத்திருக்கிறார். விழுந்தவன் பெயரை அவரும் சொல்லவில்லை.

அப்போது வெற்றி என்பது நிலபுலன் மாதிரி ஒரு சொத்து. சொத்தென்றால் கைமாற்றலாம். ஏதென்ஸ்காரர் கிமோன், அந்நகரத்துச் சர்வாதிகாரி பிசிஸ்ட்ராடஸால் துரத்தப்பட்டு வெளியூரில் இருந்தார். ஒரே நான்கு பெண் குதிரைகளை வைத்து மூன்று ஒலிம்பிக்கில் தொடர்ந்து ஜெயித்தார். இரண்டாவது முறை ஜெயித்தபோது, அறிவிப்பில் தன் பெயருக்குப் பதில் பிசிஸ்ட்ராடஸின் பெயரைச் சொல்லவைத்தார். அதற்குக் கூலியாக ஊர் திரும்ப அனுமதி கிடைத்தது. மூன்றாவது வெற்றிக்குப் பிறகு பிசிஸ்ட்ராடஸின் பிள்ளைகள் ஆள் வைத்து அவரைக் கொன்றுவிட்டார்கள். அவர் கல்லறைக்கு எதிரே அந்த நான்கு குதிரைகளையும் புதைத்தார்கள் என்று கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் எழுதுகிறார். குதிரைக்குக்கூடக் கல்லறை உண்டு. மூன்று முறையும் ஓட்டியவனைப் பற்றிப் பேச்சே இல்லை.

இதே விதி ஒரு கதவையும் திறந்துவிட்டது என்பதையும் சொல்ல வேண்டும். மணமான பெண்கள் ஒலிம்பியாவில் பார்வையாளராகக்கூட நிற்க முடியாது. ஆனால் குதிரை வைத்திருக்கத் தடையில்லையே. ஸ்பார்ட்டா அரச குடும்பத்துப் பெண் கைனிஸ்கா கி.மு. 396-இலும் 392-இலும் தேர்ப்பந்தயத்தில் ஜெயித்தார். கிரேக்கம் முழுவதிலும் இந்த மாலையை வென்ற ஒரே பெண் நான் என்று ஒலிம்பியாவில் கல்லில் வெட்டி வைத்தார். ஏதென்ஸின் ஆல்சிபயாடீஸ் கி.மு. 416-இல் ஒரே பந்தயத்தில் ஏழு தேர்களை இறக்கினார், முதலிடம், இரண்டாமிடம், நான்காமிடம் மூன்றும் அவருக்கே. அடுத்த ஆண்டு சிசிலிப் படையெடுப்புக்கு என்னைத் தளபதியாக்குங்கள் என்று சபையில் பேசியபோது இந்த வெற்றியைத்தான் தன் தகுதியாக முன்வைத்தார்.

கிரேக்கக் கதையில் என் மனதில் தங்கிவிட்ட காட்சி கி.மு. 420-இல் நடந்தது. புனிதப் போர்நிறுத்தத்தை மீறியதாகச் சொல்லி ஸ்பார்ட்டாக்காரர்களை அந்த ஒலிம்பிக்கில் சேர்க்கவில்லை. லிக்காஸ் என்ற ஸ்பார்ட்டாக்காரர் தன் குதிரைகளை பியோஷியா நாட்டார் பெயரில் இறக்கினார். அவை ஜெயித்தன. அறிவிப்பில் பியோஷியா என்று கூவியதும் லிக்காஸால் பொறுக்க முடியவில்லை, மைதானத்துக்குள் போய், ஜெயித்த தேரோட்டியின் தலையில் தன் கையாலேயே வெற்றிப்பட்டையைக் கட்டினார், இந்தத் தேர் என்னுடையது என்று எல்லோரும் தெரிந்துகொள்ள. அதிகாரிகள் எல்லோர் முன்னாலும் அவரைப் பிரம்பால் அடித்தார்கள். ஒரு தேரோட்டியின் தலையில் மாலை ஏறுவது கண்ணுக்கெதிரே தெரியும் மிகச் சில இடங்களில் இது ஒன்று. அதுவும் அவனுக்காகக் கட்டியதில்லை.

ரோமுக்கு வந்தால் எல்லாம் தலைகீழ்.

அவெண்டைன், பாலடைன் குன்றுகளுக்கு நடுவே சர்க்கஸ் மாக்சிமஸ் என்ற பந்தயத் திடல். ஏறத்தாழ 600 மீட்டர் நீளம். ரோமானிய எழுத்தாளர் மூத்த பிளினி அதில் 2,50,000 பேருக்கு இடம் என்கிறார், இன்றைய ஆய்வாளர்கள் குறைத்துச் சொல்பவர்கள்கூட 1,50,000-க்குக் கீழே அவ்வளவாகப் போவதில்லை. கொலோசியத்தில் 50,000 பேர் என்றாலே நாம் வாய் பிளக்கிறோம். ஒரு கோடியில் பன்னிரண்டு வாசல்கள், யாருக்கு எந்த வாசல் என்பது சீட்டுப் போட்டு. மேலே உட்கார்ந்திருக்கும் அதிகாரி ஒரு வெள்ளைத் துணியைக் கீழே போட்டதும் வாசல்கள் ஒரே நேரத்தில் படாரென்று திறக்கும். ஏழு சுற்று, எப்போதும் இடப்பக்கமாகத் திரும்ப வேண்டும். நடுவே நீளமான தடுப்புமேடை, அதன்மேல் ஏழு முட்டைகளும் ஏழு டால்பின்களும் வைத்திருப்பார்கள், ஒரு சுற்று முடிந்தால் ஒன்று குறையும். கடைசி வரிசையில் இருப்பவருக்கும் எத்தனை சுற்று பாக்கி என்று தெரியும். மேடையில் எகிப்திலிருந்து அகஸ்டஸ் கொண்டுவந்து கி.மு. 10-இல் நிறுத்திய கல்தூண் வேறு, அது இன்று ரோமின் போபோலோ சதுக்கத்தில் நிற்கிறது.

ரோமானியத் தேரோட்டி கடிவாள வார்களைக் கையில் மட்டும் பிடிப்பதில்லை, இடுப்பைச் சுற்றிக் கட்டிக்கொள்வான். உடம்பைச் சாய்த்தே குதிரைகளைத் திருப்பலாம், சாட்டைக்கு ஒரு கை மிச்சமாகும். ஆனால் தேர் கவிழ்ந்தால் நான்கு குதிரைகளும் அவனைத் தரையோடு இழுத்துக்கொண்டு ஓடும். அதற்காக இடுப்பில் ஒரு வளைந்த கத்தி. மண்ணில் இழுபட்டுக்கொண்டே வாரை அறுத்துவிட வேண்டும், பின்னால் வரும் தேர் ஏறுவதற்குள். நான்கு குதிரைகளில் நுகத்தில் பூட்டியவை நடுவில் உள்ள இரண்டுதான், ஓரக் குதிரைகள் இரண்டும் கயிற்றில். இடப்பக்க ஓரக் குதிரைதான் உயிர்நாடி, திருப்பத்தில் கம்பத்தை உரசுகிற மாதிரி, ஆனால் உரசாமல் போக வேண்டியது அதுதான். கல்வெட்டுகளில் பெயரோடு புகழ்வது பெரும்பாலும் இந்த இடக்குதிரையைத்தான். திருப்பத்தில் நடக்கும் விபத்துக்கு ரோமானியர்கள் வைத்திருந்த பெயர் "கப்பல் உடைதல்".

கிரேக்கத்தில் தேர் இறக்கியது பிரபுக்கள், கடவுளின் விழாவில், தங்களுக்குள் போட்டி. ரோமில் பந்தயம் என்பது அதிகாரியோ பேரரசரோ ஊர் மக்களுக்குத் தரும் காட்சி. தருபவர் குதிரை வளர்ப்பதில்லை, வாடகைக்கு எடுப்பார். வாடகைக்கு விட்டது நான்கு கம்பெனிகள்: வெள்ளை, சிவப்பு, பச்சை, நீலம். பேரரசர் டொமிஷியன் காலத்தில் பொன்னிறம், ஊதா என்று இரண்டு சேர்த்துப் பார்த்தார்கள், நிலைக்கவில்லை. குதிரை, லாயம், வைத்தியர், வண்டி செய்பவர், ஓட்டுபவர் எல்லாம் கம்பெனியுடையது. சொந்தக்காரர் என்று ஒரு முகம் இல்லாமல் போய்விட்டது. அந்த இடம் காலியானதும் கூட்டத்தின் கண்ணில் பட்டது இரண்டுதான்: வண்டியில் நிற்கும் ஆள், அவன் சட்டையின் நிறம்.

இந்தக் கம்பெனிகளுக்குக் கொழுப்பும் குறைவில்லை. நீரோ ஆட்சிக்கு வந்த புதிதில், ஃபாப்ரிசியஸ் என்ற அதிகாரி பந்தயம் நடத்த வேண்டியிருந்தபோது அவர்கள் கேட்ட பணத்தைத் தர மறுத்து, நாய்களைப் பழக்கித் தேரில் பூட்டி இறக்கிவிட்டார். வெள்ளையும் சிவப்பும் உடனே பணிந்து வந்துவிட்டன. பச்சையும் நீலமும் அப்போதும் வரவில்லை, கடைசியில் பரிசுப் பணத்தை நீரோவே கொடுத்த பிறகுதான் பந்தயம் நடந்தது.

தேரோட்டிகளில் பெரும்பாலோர் அடிமைகள், அல்லது அடிமைத்தனத்திலிருந்து விடுபட்டவர்கள். சமுதாயத்தின் கடைசிப் படி. ஆனால் அவர்கள் பெயர் நமக்குத் தெரியும்! டயோக்ளிஸ் என்பவர் இன்றைய போர்ச்சுகல் பக்கத்து லூசிட்டானியாக்காரர். கி.பி. 122-இல், 18 வயதில் வெள்ளை அணிக்கு ஓட்டத் தொடங்கினார். முதல் வெற்றிக்கு இரண்டு ஆண்டு காத்திருந்தார். பிறகு பச்சை, அப்புறம் சிவப்பு. 24 ஆண்டுகள் ஓட்டி, 42 வயது ஏழு மாதம் 23 நாளில் ஓய்வுபெற்றார். 4,257 பந்தயம், 1,462 வெற்றி. அவருக்காக வெட்டிய கல்வெட்டைப் படித்தால் நம் கிரிக்கெட் ரசிகர்கள் வைத்திருக்கும் புள்ளிவிவரம் தோற்றுப்போகும். ஆரம்பத்திலிருந்தே முன்னிலையில் ஓடி ஜெயித்தது 815, பின்னாலிருந்து வந்து ஜெயித்தது 67, பிறரை முன்னே விட்டு ஜெயித்தது 36, பல வகைகளில் 42, கடைசி நேரத்தில் பறித்துக்கொண்டது 502. கூட்டிப் பாருங்கள், 1,462 சரியாக வரும். பறித்தது 502 என்ற எண்ணில்தான் அந்த மனிதர் எனக்குக் கண்ணில் தெரிகிறார்: கடைசித் திருப்பம் வரை பொறுத்திருந்து, எதிராளி ஜெயித்துவிட்டோம் என்று மூச்சு விடும் நேரத்தில் உள்ளே நுழைகிறவர்.

அவர் வென்ற பரிசுத் தொகை 3,58,63,120 செஸ்டர்ஸ் (ரோமானிய நாணயம்). அந்தக் காலத்தில் ஒரு படைவீரனின் ஆண்டுச் சம்பளம் 1,200. அதாவது ஏறக்குறைய 30,000 வீரர்களின் ஓராண்டுச் சம்பளம். இதை வைத்து "உலகத்திலேயே அதிகம் சம்பாதித்த விளையாட்டு வீரர், இத்தனை ஆயிரம் கோடி டாலர்" என்று இணையத்தில் அடிக்கடி சுற்றும் கணக்கை நம்ப வேண்டாம். பரிசு கம்பெனிக்கு வரும், ஓட்டியவருக்கு அதில் ஒரு பங்குதான், அவ்வளவும் அவர் பைக்குப் போயிருக்காது.

எல்லோரும் டயோக்ளிஸ் இல்லை என்பதும் உண்மை. மூர் இனத்து கிரெசென்ஸ் 13 வயதில் நீல அணிக்கு ஓட்ட வந்து 22 வயதில் செத்துப்போனார், 686 பந்தயத்தில் 47 வெற்றி. ஸ்கார்பஸ் 2,048 முறை ஜெயித்து 27 வயதிலேயே போய்விட்டார். கவிஞர் மார்ஷியல் உயிரோடிருந்த ஸ்கார்பஸைப் பார்த்துப் பொருமியவர், ஒரு மணி நேரத்தில் பதினைந்து மூட்டைத் தங்கம் கொண்டுபோகிறானே என்று. அதே மார்ஷியல் அவருக்கு இரங்கல் கவிதை எழுதினார்: என் வெற்றிகளை எண்ணிப் பார்த்த விதி, நான் கிழவன் என்று நினைத்துக் கொண்டுபோய்விட்டது என்று ஸ்கார்பஸே பேசுவதுபோல. எவ்வளவு மென்மையான வரி அது.

ரசிகர்கள் விஷயம் இன்னும் தீவிரம். சிவப்பு அணியின் ஃபெலிக்ஸ் என்ற தேரோட்டியின் உடலை எரித்தபோது ஒரு ரசிகன் அந்தச் சிதையில் குதித்துவிட்டான். எதிரணிக்காரர்கள் அந்தப் பெருமைகூட ஃபெலிக்ஸுக்குச் சேரக்கூடாது என்று, அவன் வாசனைப் புகையில் மயங்கித்தான் விழுந்தான் என்று பரப்பினார்கள். வட ஆப்பிரிக்காவில் ஈயத் தகடுகளில் எழுதிய சாபங்கள் கிடைத்திருக்கின்றன. இன்றைய துனீசியாவில், பழைய ஹத்ருமெட்டத்தில் கிடைத்த ஒன்று ஒரு பேயைக் கூப்பிட்டு, பச்சை, வெள்ளை அணிக் குதிரைகளை வதைத்துக் கொல்லு, கிளாரஸ், ஃபெலிக்ஸ், பிரிமுலஸ், ரொமானஸ் என்ற தேரோட்டிகளை மோதவைத்துக் கொல்லு, அவர்களிடம் மூச்சை மிச்சம் வைக்காதே என்கிறது. அதே வட ஆப்பிரிக்காவில், இன்றைய அல்ஜீரியாவில், ஒருவர் வீட்டுக் குளியலறைத் தரையில் தன் குதிரையின் உருவத்தைப் பதித்து வைத்திருந்தார், பக்கத்தில் ஒரு வரி: "ஜெயித்தாலும் ஜெயிக்காவிட்டாலும் உன்னை நேசிக்கிறோம், பொலிடாக்ஸஸ்."

மூத்த பிளினியின் மருமகனான எழுத்தாளர் இளைய பிளினிக்கு இதெல்லாம் பிடிக்கவேயில்லை. குதிரையின் வேகத்தையோ ஓட்டுபவரின் திறமையையோ ரசித்தால்கூடப் பரவாயில்லை, இவர்கள் ரசிப்பது ஒரு துணியை, ஓட்டத்தின் நடுவே நிறத்தை மாற்றிக் கொடுத்தால் ரசிகர்களும் கட்சி மாறிவிடுவார்கள் என்று ஒரு கடிதத்தில் எழுதினார். மேட்டுக்குடிக்காரரின் எரிச்சல் அதில் இருக்கிறது, ஆனால் அவர் பார்த்தது தப்பில்லை. டயோக்ளிஸே மூன்று நிறம் மாறியவர். ஆள் மாறுவான், நிறம் மாறாது. வெற்றி சொந்தக்காரரிடமிருந்து ஓட்டுபவருக்கு வந்தது, அவரிடமிருந்து மெல்ல மெல்லக் கூட்டத்தின் கைக்கு நழுவிக்கொண்டிருந்தது.

அது முழுதாகக் கைமாறியதைக் கிழக்கு ரோமப் பேரரசின் தலைநகரான கான்ஸ்டான்டினோபிளில், இன்றைய இஸ்தான்புல்லில், பார்க்கலாம். அங்கே நீலமும் பச்சையும்தான் பெரிய கட்சிகள், குதிரைத்திடல் அரண்மனையோடு ஒட்டியிருந்தது, பேரரசர் தன் மாடத்திலிருந்து பார்ப்பார். மக்கள் அவர் முகத்தைப் பார்த்து ஏதாவது கேட்க முடிந்த இடம் அது ஒன்றுதான். கி.பி. 532 ஜனவரியில், கலவரக் குற்றத்துக்காகச் சிலரைத் தூக்கிலிட்டபோது தூக்குமரம் முறிந்து இருவர் பிழைத்தார்கள். ஒருவன் நீலம், ஒருவன் பச்சை. அவர்களை மன்னித்துவிடுங்கள் என்று இரண்டு தரப்பும் கேட்டுக்கொண்டே இருந்தன, பேரரசர் ஜஸ்டினியன் பதிலே சொல்லவில்லை. அன்று 22-ஆவது பந்தயத்தில் கோஷம் மாறியது. வழக்கமாகத் தங்கள் தேரோட்டியைப் பார்த்துக் கத்தும் சொல் "நிகா", அதாவது "ஜெயி". அதை இப்போது இரண்டு கட்சியும் சேர்ந்து, தங்களுக்காகவே, பேரரசருக்கு எதிராகக் கத்தின. ஒரு வாரம் நகரம் எரிந்தது. பழைய ஹாகியா சோபியா தேவாலயம் எரிந்தது. ஹிப்பாட்டியஸ் என்பவரைக் கொண்டுவந்து புதுப் பேரரசர் என்று முடிசூட்டினார்கள். ஓடிப்போக இருந்த ஜஸ்டினியனைத் தடுத்து நிறுத்தியவர் அவர் மனைவி தியோடோரா. அவருடைய அப்பா பச்சைக் கட்சிக்குக் கரடி மேய்த்தவர், இந்தத் திடலை அவர் சிறுமியாக இருந்ததிலிருந்தே அறிந்தவர். கடைசியில் தளபதி பெலிசாரியஸின் படை திடலுக்குள் புகுந்து அங்கிருந்தவர்களை வெட்டிச் சாய்த்தது. அந்தக் கால வரலாற்றாசிரியர் புரோகோப்பியஸ் 30,000 பேருக்கு மேல் செத்ததாகச் சொல்கிறார். பந்தயம் பார்க்கப் போகும் அதே திடலில், அதே படிக்கட்டுகளில்.

இதற்கு முப்பது ஆண்டுகள் முன்பு இதே திடலில் ஓட்டியவர் போர்ஃபிரியஸ். இந்தத் திடலில் ஒரு வழக்கம் இருந்தது: ஜெயித்தவரும் தோற்றவரும் குதிரைகளை மாற்றிக்கொண்டு திரும்ப ஓட வேண்டும். தோற்றுப்போன குதிரைகளை வைத்தே ஒருவர் ஜெயித்துவிட்டால், ஜெயித்தது குதிரையா ஆளா என்று அதற்குமேல் யாரும் கேட்க முடியாது. போர்ஃபிரியஸ் ஒரே நாளில் இரண்டு முறை அப்படி ஜெயித்ததாக அவரைப் பற்றிய பாடல் சொல்கிறது. அவர் நல்லவர் என்று சொல்ல வரவில்லை. 507-இல் அந்தியோக்கியா நகரத்தில் பச்சைக் கட்சிக் கூட்டம் யூதர்களின் தொழுகைக்கூடத்தைத் தாக்கியபோது அதன் முன்னணியில் அவர் இருந்தார். ஆனால் ஓட்டுவதில் அவருக்கு இணை இல்லை என்று நீலமும் பச்சையும் ஒப்புக்கொண்டன, அவர் இன்னும் ஓட்டிக்கொண்டிருக்கும்போதே இரண்டு கட்சியும் அவருக்கு வெண்கலச் சிலைகள் வைத்தன.

அந்தச் சிலைகளின் பளிங்குப் பீடங்கள் இரண்டு இஸ்தான்புல் தொல்பொருள் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. நான்கு பக்கமும் சிற்பம். போர்ஃபிரியஸ் தேரில் நேராக நம்மைப் பார்த்து நிற்கிறார், கீழே குதிரைகளின் பெயர்கள், சுற்றிலும் அவரைப் புகழும் பாடல்கள், அவர் பெயர் பல இடங்களில். மேலே நின்ற வெண்கலச் சிலைகள் போய்விட்டன. டெல்பியில் இருப்பவனுக்கு இமை முடி வரை மிச்சமிருக்கிறது, பெயர் மட்டும் இல்லை.